தீபாவளிச் சீட்டும் மாதத் தவணையும்

எங்கள் வீட்டுச் சமையலறைப் பரணில் ஓர் எவர்சில்வர் தூக்குவாளி இருக்கிறது. அதன் கழுத்தருகே அம்மாவின் பெயரும், கீழே 'தீபாவளி 1987' என்ற எழுத்துகளும் புள்ளி புள்ளியாக வெட்டப்பட்டிருக்கின்றன. தெருக்கோடியில் குடியிருந்த ஓர் அக்கா நடத்திய தீபாவளிச் சீட்டில் வாரம் ஐந்து ரூபாய் கட்டி வாங்கியது அது. தை மாதம் சீட்டு தொடங்கும். கையில் ஒரு மஞ்சள் அட்டை. அதில் நாற்பது கட்டங்கள். ஞாயிறுதோறும் அக்கா வந்து ஐந்து ரூபாயை வாங்கிக்கொண்டு ஒரு கட்டத்தில் கையெழுத்துப் போடுவார். கட்டங்கள் நிறைந்து ஐப்பசி பிறந்ததும், பலகாரத்துக்கான சர்க்கரை, மைதா, எண்ணெய், ஒரு பட்டாசுப் பெட்டி, கூடவே ஒரு பாத்திரம் வீட்டுக்கு வந்து சேரும். வாளி வந்து இறங்கும் முன்பே பல மாதங்கள் எங்கள் வீட்டுப் பேச்சில் அது புழங்கிவிட்டது. வந்த பிறகும் அலுக்கவில்லை. இன்றைக்கும் ஊருக்குப் போகும்போது சாதம் அதில்தான் போகிறது.

இரண்டு ஆண்டுகளுக்கு முன் நான் ஒரு கைபேசி வாங்கினேன். கடையில் கொடுத்தது ஒரே ஒரு ரூபாய் முன்பணம்; மீதி பதினெட்டு மாதத் தவணை. பத்து நிமிடத்தில் காகித வேலை முடிந்து பெட்டி கைக்கு வந்துவிட்டது. முதல் வாரம் அதைக் கையிலிருந்து கீழே வைக்க மனம் வரவில்லை. மூன்றாம் மாதம் அது மற்றொரு கைபேசி, அவ்வளவுதான். ஏழாம் மாதம் கீழே விழுந்து திரை விரிசல் விட்டது. விரிசல் விட்ட திரைக்கு இன்னும் பதினொரு தவணை பாக்கி. ஒவ்வொரு மாதமும் ஐந்தாம் தேதி வங்கியிலிருந்து குறுஞ்செய்தி வரும்போது, எப்போதோ தீர்ந்துபோன ஒரு மகிழ்ச்சிக்கு விலை கொடுத்துக்கொண்டிருக்கிறேன் என்று தோன்றியது.

இந்த இரண்டு பொருள்களையும் அருகருகே வைத்துப் பல நாள் யோசித்தேன். நிறைவில்லாத வாழ்க்கையைப் பற்றிப் பேசும் இடங்களிலெல்லாம் நம்மவர்கள் எடுக்கும் முடிவு ஒன்றே: மனிதர்களுக்குப் பேராசை பெருகிவிட்டது, போதும் என்ற மனம் போய்விட்டது. எனக்கு அதில் உடன்பாடு இல்லை. என் அம்மாவுக்கு ஆசை குறைவாக இருந்ததாக நான் நினைக்கவில்லை; ரங்கநாதன் தெருவில் பாத்திரக் கடை வாசலில் அவர் நின்ற நிலையை நான் பார்த்திருக்கிறேன். மாறியது மனம் அல்ல, வரிசை. அன்று பணம் முன்னே போனது, பொருள் பின்னே வந்தது. இன்று பொருள் முன்னே வருகிறது, பணம் பின்னே போகிறது. 'போதும்' என்ற சொல் மனத்துக்குள் மட்டும் இருந்ததில்லை. காசு கொடுக்கும் முறைக்குள்ளும் இருந்தது. அங்கிருந்துதான் அது முதலில் எடுக்கப்பட்டது.

சீட்டு முறையைப் பொற்காலமாக்கிச் சொல்லவும் எனக்கு விருப்பமில்லை. கட்டிய பணத்தோடு இரவோடு இரவாக ஊரைவிட்டுப் போன சீட்டுக்காரர்கள் ஒவ்வோர் ஊரிலும் உண்டு. தீபாவளிக்கு முந்தைய வாரம் பூட்டிய வீட்டு வாசலில் பெண்கள் அழுதுகொண்டு நின்றதும் உண்டு. மாதச் சீட்டுகளை ஒழுங்குபடுத்த 1982இல் மத்திய அரசு தனிச் சட்டமே கொண்டுவந்தது. வறுமையால் காத்திருப்பது வேறு, விரும்பிக் காத்திருப்பது வேறு என்பதும் எனக்குத் தெரியும். ஆனாலும் அந்த முறைக்குள் ஒரு நற்குணம் இருந்தது. பொருள் வீட்டுக்கு வரும் நாளில் கணக்கு முடிந்திருக்கும். அந்தப் பொருளோடு ஒட்டிக்கொண்டு எந்தக் கடனும் உள்ளே வராது.

இந்த வரிசை எங்கே, எப்படித் தலைகீழானது? அதற்கு 1920களின் அமெரிக்காவுக்குப் போக வேண்டும். தையல் இயந்திரம் விற்ற சிங்கர் நிறுவனம் 1850களிலேயே தவணை முறையைத் தொடங்கியிருந்தது. ஆனால் தவணையை ஒரு நாட்டின் வாழ்க்கை முறையாக்கியது கார்தான். அந்தக் கதையில் இரண்டு நிறுவனங்கள் எதிரெதிரே நின்றன. ஒன்று ஹென்றி ஃபோர்டின் நிறுவனம். 1908இல் 850 டாலருக்கு வந்த அவருடைய 'மாடல் டி' கார், உற்பத்தி பெருகப் பெருக விலை இறங்கி, 1920களின் நடுவில் 300 டாலருக்கும் கீழே வந்துவிட்டது. பல ஆண்டுகள் கறுப்பு நிறம் மட்டுமே. தேவையான பொருளை மேலும் மேலும் மலிவாகக் கொடுப்பது, வாங்குபவர் கடன்படாமல் வாங்குவது என்பது ஃபோர்டின் எண்ணம். கடன் வாங்கிப் பொருள் வாங்குவது அவருக்குப் பிடிக்காது.

மற்றொன்று ஜெனரல் மோட்டார்ஸ். 1919இல் அது கார் வாங்குபவர்களுக்குக் கடன் கொடுப்பதற்கென்றே ஒரு துணை நிறுவனத்தைத் தொடங்கியது. முன்பணம் கட்டு, காரை ஓட்டிக்கொண்டு போ, மீதியை மாதம் மாதம் கட்டு. ஃபோர்டு பதில் சொல்லியாக வேண்டிய நிலை வந்தது. 1923இல் அவர் கொண்டுவந்த திட்டத்தைப் படித்தபோது எனக்குச் சட்டென்று எங்கள் தெரு அக்காதான் நினைவுக்கு வந்தார். வாரம் ஐந்து டாலர் கட்ட வேண்டும். பணம் வங்கியில் சேரும், அதற்கு வட்டியும் உண்டு. காரின் முழு விலையும் சேர்ந்த நாளில் கார் கிடைக்கும். அச்சு அசலாக நம்முடைய தீபாவளிச் சீட்டு. பாத்திரத்துக்குப் பதில் கார்.

அந்தத் திட்டம் தோற்றது. ஆர்வமாகச் சேர்ந்தவர்களில் பெரும்பகுதியினர் கடைசிவரை கட்டி முடிக்கவில்லை. முடிப்பார்களா? எதிர்த்த வீட்டுக்காரர் முன்பணம் மட்டும் கட்டிவிட்டு இன்றைக்கே காரில் போகிறார். இவரோ கையில் பாஸ்புத்தகத்தை வைத்துக்கொண்டு நடந்து போக வேண்டும். அந்தப் பத்தாண்டின் நடுப்பகுதியில் அமெரிக்காவில் விற்ற கார்களில் நான்கில் ஏறத்தாழ மூன்று தவணையில் விற்றவை. ஒன்றரைக் கோடிக்கும் மேல் உற்பத்தியான மாடல் டி 1927இல் நின்றது. 1928இல் ஃபோர்டும் சொந்தமாக ஒரு தவணைக் கடன் நிறுவனத்தைத் தொடங்கினார். பிடிவாதக்காரரான அந்த மனிதரையே சந்தை வளைத்துவிட்டது.

தவணையோடு கூடவே ஜெனரல் மோட்டார்ஸ் இன்னொன்றையும் செய்தது. இரண்டையும் சேர்த்துப் பார்த்தால்தான் படம் முழுமையாகும். ஆல்ஃபிரட் ஸ்லோனின் தலைமையில் அது ஆண்டுதோறும் காரின் தோற்றத்தை மாற்றியது. புதிய நிறங்கள், புதிய வளைவுகள். போன ஆண்டு வாங்கிய கார் நன்றாக ஓடிக்கொண்டிருக்கும்போதே பழையதாகத் தெரிய வேண்டும் என்பதுதான் நோக்கம். அந்த நிறுவனத்தின் ஆராய்ச்சித் தலைவர் சார்லஸ் கெட்டரிங் 1929 ஜனவரியில் ஒரு வணிக இதழில் எழுதிய கட்டுரைக்கு வைத்த தலைப்பே, வாடிக்கையாளரை அதிருப்தியில் வைத்திருங்கள் என்பதுதான். எல்லாரும் நிறைவடைந்துவிட்டால் புதிய பொருளை யாரும் வாங்கமாட்டார்கள் என்று அதில் அவர் ஒளிவுமறைவில்லாமல் எழுதினார். அவரைக் கெட்டவர் என்று சொல்ல மாட்டேன். காரைக் கையால் சுற்றிக் கிளப்ப வேண்டிய துன்பத்தைத் தீர்த்த மின் இயக்கியைக் கண்டுபிடித்தவர் அவர். மேலும் நல்ல பொருளுக்கு இடம் கொடுக்கும் மனநிலையையே அதிருப்தி என்றார். ஆனால் அவர் வார்த்தைகளின் பொருள் தெளிவு. நம்முடைய நிறைவின்மை தானாக வளர்ந்த களை அல்ல. பாத்தி கட்டி, நீர் பாய்ச்சி வளர்த்த பயிர்.

மனத்துக்குள் நடப்பதைப் பற்றியும் பின்னாளில் ஆய்வாளர்கள் நிறையக் கண்டறிந்தார்கள். டிராசன் பிரெலெக், ஜார்ஜ் லோவன்ஸ்டீன் என்ற இருவர் 1998இல் வெளியிட்ட ஆய்வு எனக்கு மிக முக்கியமானதாகத் தோன்றுகிறது. 1,200 டாலர் செலவில் ஒரு சுற்றுலா. மாதம் 200 டாலராக ஆறு மாதம் கட்ட வேண்டும். போவதற்கு முன் கட்டுவீர்களா, வந்த பிறகு கட்டுவீர்களா என்று கேட்டார்கள். பெரும்பாலோர் முன்னே கட்டிவிடுவதாகச் சொன்னார்கள். அதே தொகைக்குத் துணி துவைக்கும் இயந்திரம் என்றபோது பெரும்பாலோர் பிறகு கட்டுவதையே விரும்பினார்கள். வட்டிக் கணக்குப்படி பார்த்தால் இரண்டிலும் பிறகு கட்டுவதுதான் லாபம். ஆனால் மனத்தின் கணக்கு வேறு. முன்னே கட்டிவிட்டால் சுற்றுலாவை இலவசமாக அனுபவிப்பது போன்ற உணர்வு. திரும்பி வந்து கட்டினால் கடலைப் பார்க்கும்போதும் கடன் தெரியும். துவைக்கும் இயந்திரமோ மாதா மாதம் உழைக்கிறது. அதற்கு மாதா மாதம் கட்டுவது உறுத்துவதில்லை.

இதைப் படித்த பிறகுதான் என் கைபேசியில் எது உறுத்தியது என்று எனக்கு விளங்கியது. கைபேசி, துவைக்கும் இயந்திரம் போல விற்கப்படுகிறது. சுற்றுலா போல அனுபவிக்கப்படுகிறது. பேசுவதற்கும் பணம் அனுப்புவதற்கும் பழைய கைபேசியே போதுமாக இருந்தது. நான் உண்மையில் வாங்கியது அதன் புதுமையை. அந்தப் புதுமை ஒரு பயணத்தைப் போலச் சில வாரங்களில் முடிந்துவிட்டது. தவணை மட்டும் இயந்திரத்தின் ஆயுளுக்குப் போடப்பட்டிருந்தது.

புதுமை ஏன் அவ்வளவு விரைவில் மங்குகிறது என்பதற்கும் விடை உண்டு. 1990களில் உல்ஃப்ராம் ஷுல்ட்ஸ் என்ற நரம்பியலாளர் குரங்குகளுக்குப் பழச்சாறு கொடுத்து அவற்றின் மூளையில் டோபமின் என்ற வேதிப்பொருளைச் சுரக்கும் செல்களைக் கவனித்தார். முதலில் சாறு நாவில் பட்டபோது அந்தச் செல்கள் துடித்தன. சாறு வருவதற்கு முன் ஓர் அடையாள விளக்கு எரியும் என்று குரங்கு பழகிக்கொண்ட பின், விளக்கு எரிந்தபோதே துடித்தன. சாறு வந்தபோது அசையவில்லை. துடிப்பு, கிடைக்கும் நொடியிலிருந்து எதிர்பார்க்கும் நொடிக்கு இடம் மாறிவிட்டது. தையிலிருந்து ஐப்பசிவரை எங்கள் வீட்டில் இருந்த துடிப்பையும் இந்த ஆய்வையும் ஒன்றாக்கிவிட முடியாது. மனிதர் வீடு ஆய்வுக்கூடம் அல்ல. ஆனாலும் எதிர்பார்ப்பிலேயே பெரும் இன்பம் இருக்கிறதென்றால், எதிர்பார்ப்பைப் பத்து நிமிடமாகச் சுருக்கிய கடை என்னிடமிருந்து எதை எடுத்துக்கொண்டது என்று கேட்கத் தோன்றுகிறது.

தமிழ்நாட்டில் தவணை வேறு வழியாக வந்தது, நல்ல வழியாக. 1954இல் சென்னையில் தொடங்கிய சுந்தரம் ஃபைனான்ஸ் போன்ற நிறுவனங்கள் லாரிக்கும் பஸ்ஸுக்கும் தவணைக் கடன் கொடுத்தன. நாமக்கல் வட்டாரத்தில் ஓட்டுநராக இருந்தவர்கள் லாரி உரிமையாளர்கள் ஆனது இப்படிப்பட்ட கடனால்தான். லாரி ஓடும், வாடகை வரும், வாடகையில் தவணை கட்டப்படும். பொருளே தன் கடனை அடைத்துவிடும். எனக்குத் தெரிந்த மிக நாணயமான கடன் அது. அதே ஏற்பாடு மெல்ல மெல்லச் சம்பாதிக்காத பொருள்களுக்கும் நகர்ந்தபோது பெயர் மட்டும் மாறவில்லை: அதுவும் தவணை, இதுவும் தவணை.

1991இல் பொருளாதாரம் தாராளமயமாக்கப்பட்ட பிறகு பொருள்கள் குவிந்தன. 1993இல் தமிழில் தனியார் தொலைக்காட்சி வந்தது. விளம்பரம் நடுவீட்டில் உட்கார்ந்துகொண்டது. அதோடு இன்னொரு மாற்றமும் நடந்தது. 1999–2000இல் இந்தியக் கிராமப்புறக் குடும்பங்களின் செலவில் 59 விழுக்காட்டுக்கு மேல் உணவுக்கே போனதாக அரசின் நுகர்வுக் கணக்கெடுப்பு சொல்கிறது. 2022–23இல் அது ஏறத்தாழ 46 விழுக்காடாகிவிட்டது, நகரங்களில் 39. பசிக்கு அப்பால் கையில் காசு நிற்கும் தலைமுறை இது. அதில் எனக்கு மகிழ்ச்சியே. பாட்டி காலத்தில் இந்தக் காசு இருந்திருந்தால் அவர் இரவெல்லாம் ஆட்டுக்கல்லின் முன் உட்கார்ந்திருக்க மாட்டார்.

ஆட்டுக்கல்லைச் சொன்னதால் கிரைண்டரையும் சொல்லியாக வேண்டும். 1950களில் கோயம்புத்தூரில் உருவாகி, பின்னர் புவிசார் குறியீடும் பெற்ற வெட் கிரைண்டர், தமிழ்ப் பெண்களின் தோள்களுக்குக் கிடைத்த விடுதலை. 2011இல் மாநில அரசு மிக்ஸி, கிரைண்டர், மின்விசிறியை விலையில்லாமல் கொடுக்கத் தொடங்கியபோது அதை நுகர்வு வெறி என்று ஏளனம் செய்தவர்களை நான் ஒருபோதும் ஒப்புக்கொண்டதில்லை. பெரும்பாலும் அவர்கள் மாவாட்டி அறியாதவர்கள். எங்கள் வீட்டு கிரைண்டர் இருபத்திரண்டு ஆண்டுகளாக ஓடுகிறது. பெல்ட் மூன்று முறை மாற்றினோம், கல்லை ஒருமுறை கொத்தினோம். அதைப் பார்த்து யாரும் பூரித்துப் போவதில்லை. அது இருப்பதே மறந்துவிடுகிறது. காலையில் இட்லி வருகிறது. பொருள்களை வெறுத்தால்தான் நிறைவு வரும் என்று சொல்பவர்களிடம் நான் காட்ட விரும்பும் பொருள் அதுதான்.

இன்றைய தவணையின் சூட்சுமம் அதன் வட்டியைக் கண்ணில் படாமல் வைப்பதில் இருக்கிறது. 'வட்டியே இல்லை' என்ற பலகையை எல்லாக் கடைகளிலும் பார்க்கிறோம். 2013 செப்டம்பரில் ரிசர்வ் வங்கி இதைப் பற்றி வங்கிகளுக்குத் தெளிவாகவே எழுதியது: பூஜ்ய வட்டி என்ற ஒன்று கிடையாது, செயலாக்கக் கட்டணம் என்ற பெயரில் வட்டி மறைக்கப்பட்டு வாடிக்கையாளர் தலையில் ஏற்றப்படுகிறது. அதன் பின் சொற்கள் கொஞ்சம் மாறின, ஏற்பாடு மாறவில்லை. ரொக்கத்துக்கு வாங்கினால் கிடைக்கும் தள்ளுபடி தவணைக்காரருக்குக் கிடைக்காது, அல்லது கட்டணம் என்று ஒரு வரி சேரும். பிணையில்லாத நுகர்வுக் கடன் கண்மண் தெரியாமல் வளர்வதைக் கண்டு 2023 நவம்பரில் ரிசர்வ் வங்கி, அந்தக் கடன்களுக்கு எதிராக வங்கிகள் ஒதுக்க வேண்டிய மூலதனத்தையே கூட்டியது. நடுத்தர வீடுகளின் மேசைகளில் நடந்ததை ஒரு மத்திய வங்கி கவனித்து அஞ்சும் அளவுக்கு அது போயிருந்தது.

தவணையால் விளைந்த இன்னொரு தீங்கு அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. முன்பு ஒரு வீட்டில் இருக்கும் பொருள் அந்த வீட்டின் சேமிப்பைச் சொன்னது. பக்கத்து வீட்டில் ஃபிரிட்ஜ் வந்தால் அவர்கள் சேர்த்துவிட்டார்கள் என்று பொருள். இன்று ஒரே மாடிக் குடியிருப்பில் எட்டு வீடுகளிலும் அதே பெரிய தொலைக்காட்சி, வாசலில் அதே புது வண்டி. யாருடையது சேமிப்பு, யாருடையது கடன் என்று சுவருக்குத் தெரியாது. எட்டு வீட்டுக்காரர்களும் மற்ற ஏழு பேரும் வசதியானவர்கள் என்று நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். ஒப்பிடுவதால் மனிதர் வாடுவது பழைய கதை. ஒப்பிடும் அளவுகோலே கடனால் செய்யப்பட்டிருப்பதுதான் புதியது; அதனோடு யாராலும் ஈடுகொடுக்க முடியாது. நாற்பது வயதில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு மருத்துவமனைக்குப் போன என் நண்பர் ஒருவரின் மாதச் சம்பளத்தில் பாதிக்கு மேல் தவணைகளுக்குப் போய்க்கொண்டிருந்தது. மாதக் கணக்கில் எங்களோடு டீ குடித்தவர். எங்களில் ஒருவருக்கும் தெரியாது.

கைபேசிச் செயலிகள் வழியே கொடுக்கும் கடன்களுக்கு ரிசர்வ் வங்கி 2022 செப்டம்பரில் வழிகாட்டுதல்களை வெளியிட்டபோது, அதில் நான் மிகவும் மதிக்கும் ஒரு விதி இருந்தது. கடன் வாங்கியவர் மனம் மாறினால், குறிப்பிட்ட அவகாசத்துக்குள் அசலையும் அந்த நாள்களுக்கான செலவையும் மட்டும் கட்டிவிட்டு அபராதம் இல்லாமல் விலகிக்கொள்ளலாம். ஏழு நாளோ அதற்கு மேலோ ஓடும் கடனுக்கு இந்த அவகாசம் குறைந்தது மூன்று நாள் என்று இருந்தது. 2025 மே மாதம் வந்த புதிய விதிகளில் அது குறைந்தது ஒரு நாள் என்று ஆகிவிட்டது. வேண்டுமா வேண்டாமா என்று ஒரு மனிதர் யோசிப்பதற்குச் சட்டம் கட்டாயமாக்கும் நேரம் அவ்வளவுதான்.

அம்மாவின் பழைய சீட்டு அட்டை, ரேஷன் அட்டைகளோடு ஒரு பிளாஸ்டிக் உறையில் இருந்தது. போன மாதம் கிடைத்தது. பின்புறத்தில் அக்காவின் கையெழுத்தில் முதலில் எழுதியிருந்தது 'குடம்'. தை மாதத்தில் அம்மா கேட்டது குடம்தான். ஆனி மாதம் அப்பாவுக்கு வேலை வேறு ஊருக்கு மாற்றலானது; வாரக் கடைசியில் வந்து திங்கள் விடியற்காலையில் சாப்பாடு எடுத்துக்கொண்டு பஸ் ஏறினார். இருபத்து மூன்றாம் கட்டம் நிறைந்த வாரத்திலோ என்னவோ, குடத்தை ஒரு கோட்டால் அடித்துவிட்டுப் பக்கத்தில் 'தூக்கு' என்று எழுதியிருக்கிறார் அக்கா.